பாயாமல் நிற்கும் நாய்



வேட்டைநாய் என்றதும் நம் மனத்தில் எழும் உருவம் சிப்பிப்பாறை, கன்னி போன்ற நாய்களுடையது. ஒட்டிய வயிறு, நீண்ட கால், கூர்ந்த பார்வை. முயல் எழுந்து ஓடுவதைக் கண்ணால் கண்டு, காலால் துரத்தி, வாயால் பிடிக்கும் நாய்கள் அவை. அவற்றுக்கு ஓடக் கற்றுத்தர வேண்டியதில்லை, அவிழ்த்துவிட்டால் போதும். இன்று நான் பேச வந்திருக்கும் நாய் இதற்கு நேர் எதிரானது. பறவை எங்கே பதுங்கியிருக்கிறது என்று மூக்கு சொன்ன அந்த நொடியில் அது ஓட்டத்தை நிறுத்திவிடும். ஒரு முன்னங்கால் மடிந்திருக்கும், வால் விறைத்திருக்கும், உடம்பில் மூச்சைத் தவிர எதுவும் அசையாது. மனிதன் வந்து சேரும்வரை அப்படியே நிற்கும். அடர்ந்த காட்டில் அவன் வழி தேடி வரப் பத்து நிமிடம் ஆனாலும் நிற்கும். நன்றாகப் பழகிய நாயாக இருந்தால் பறவை எழுந்து பறந்த பிறகும், துப்பாக்கி வெடித்த பிறகும், போகலாம் என்று சொல்லும்வரை நிற்கும்.

இரையைப் பிடித்துத் தின்னப் பிறந்த ஒரு விலங்கு, இரைக்கு நாலு முழம் தள்ளி, பாயாமல் நிற்கிறது. இதை எப்படிச் சாதிக்கிறார்கள் என்பதுதான் இன்றைய பேச்சின் பொருள்.

ஒன்றை முதலிலேயே சொல்லிவிட வேண்டும். 1972ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி இன்று இந்தியாவில் பொழுதுபோக்கு வேட்டைக்கு இடமில்லை. காட்டில் கௌதாரியையும் காடையையும் பிடிப்பது குற்றம். அது அப்படியே இருக்க வேண்டும் என்பதுதான் என் எண்ணமும். நான் பேசப்போவது அமெரிக்காவின் வடக்கு ஓரத்தில், பேரேரிகளைச் சுற்றியிருக்கும் விஸ்கான்சின், மிச்சிகன், மினசோட்டா மாநிலக் காடுகளைப் பற்றி. அங்கே சட்டத்தோடும் பருவத்தோடும் எண்ணிக்கை வரம்போடும் நடக்கும் ஒரு வேட்டையைப் பற்றி. அந்தக் காடுகளில், செட்டர் எனப்படும் இந்த நிற்கும் நாய்களின் பின்னால் நடந்தவன் என்ற முறையில் எனக்கு ஒரு கருத்து உண்டு. அதை மறைக்காமல் சொல்கிறேன்: இந்த நாயைப் பழக்குவது மனிதன் அல்ல, பறவை. மனிதனுக்கு இருப்பது பள்ளிக்கூடம் கட்டிக் கொடுப்பவனுடைய வேலை.

இந்த நிற்கும் குணம் எங்கிருந்து வந்தது என்பதைச் சுருக்கமாகப் பார்த்துவிடுவோம். 1570இல் ஜான் கேயஸ் என்ற ஆங்கிலேய மருத்துவர், இங்கிலாந்து நாய்களைப் பற்றி லத்தீனில் ஒரு நூல் எழுதினார். அதில் ஒரு நாய் வருகிறது. பறவையை மோப்பம் பிடித்ததும் குரைக்காது, பாயாது; தரையோடு தரையாகப் படுத்துவிடும். பின்னால் வரும் ஆட்கள் வலையை விரித்து அந்தப் பறவைக் கூட்டத்தைப் பிடிப்பார்கள். பறக்கும் பறவையைச் சுடும் அளவுக்குத் துப்பாக்கி தேறாத காலம் அது. துப்பாக்கி தேறிய பிறகு, படுக்கும் நாயைவிட, தூரத்திலிருந்து கண்ணுக்குத் தெரிய நிமிர்ந்து நிற்கும் நாய் வேண்டியிருந்தது. எட்வர்ட் லாவராக் என்பவர் 1825இல் பாண்டோ, ஓல்டு மால் என்ற இரண்டு நாய்களை வாங்கி, ஏறத்தாழ அரை நூற்றாண்டு செட்டர் வளர்த்து, 1872இல் அந்த அனுபவத்தைப் புத்தகமாக வெளியிட்டார். இன்றைய இங்கிலீஷ் செட்டரின் வம்சம் பெரும்பாலும் அவருடைய நாய்களைத் தொட்டே போகிறது. 1865இல் இங்கிலாந்தின் பெட்ஃபர்ட்ஷயரிலும் 1874இல் அமெரிக்காவின் மெம்ஃபிஸ் நகரருகிலும் இந்த நாய்களுக்கான முதல் களப்போட்டிகள் நடந்தன.

ஆனால் வளர்ப்பவர்கள் இந்தக் குணத்தைச் சூனியத்திலிருந்து படைக்கவில்லை. ஓநாயோ நரியோ பூனையோ, இரையின் மேல் பாய்வதற்கு முன் ஒரு கணம் உறைந்து நிற்கும். இடத்தைக் கணக்குப்போடும் கணம் அது. பல தலைமுறைகளாக அந்தக் கணம் நீளமாக இருந்த நாய்களையே தேர்ந்தெடுத்து இணைசேர்த்தார்கள். அதனால்தான் எட்டு வாரக் குட்டிகூட ஒரு வண்ணத்துப்பூச்சியின் முன்னால் காலைத் தூக்கி நின்றுவிடுகிறது. பார்ப்பவர்கள் கைதட்டுவார்கள். ஆனால் குட்டியின் நிற்றல் சில நொடிக்குத்தான். அதற்குப் பிறகு அது பாயும். இரத்தத்தில் வந்த அந்தச் சில நொடியை, மனிதன் வந்து சேரும்வரை நீட்டுவதுதான் பயிற்சி.

இனி பறவையைப் பார்ப்போம். இங்கே நான் சற்று நேரம் எடுத்துக்கொள்வேன், ஏனென்றால் பாடத்திட்டம் பறவையின் உடம்பில் இருக்கிறது.

ரஃப்டு கிரவுஸ் என்பது கோழி இனத்தைச் சேர்ந்த காட்டுப் பறவை. எடை அரைக் கிலோவுக்குச் சற்றுக் கூடுதலாக இருக்கும். பழுப்பும் சாம்பலும் கலந்த இறகு. உதிர்ந்த இலைகளுக்கு நடுவே அது உட்கார்ந்தால் கண்ணெதிரே இருந்தாலும் தெரியாது. வசந்தத்தில் சேவல், விழுந்துகிடக்கும் மரத்தின் மேல் ஏறி நின்று, சிறகால் காற்றை அடித்து, மெதுவாகத் தொடங்கி வேகமெடுக்கும் ஒரு தாழ்ந்த முழக்கத்தை எழுப்பும். குளிர்காலத்தில் அதன் விரல்களின் ஓரத்தில் சீப்புப்பல்போல் சிறு செதில்கள் முளைத்து, பனியில் நடக்க உதவும். கடும் குளிரில் பனிக்குள்ளேயே புகுந்து தூங்கும். இந்தப் பறவைக்கு நாயிடமிருந்து தப்ப மூன்று வழிகள் உண்டு. அசையாமல் இருந்து ஏமாற்றலாம். புதருக்கடியில் சத்தமில்லாமல் நடந்து விலகலாம். அல்லது பெரும் சிறகோசையோடு வெடித்துக் கிளம்பலாம். எதைத் தேர்ந்தெடுக்கும் என்பது நாய் எவ்வளவு நெருங்கியது, எவ்வளவு வேகமாக நெருங்கியது என்பதைப் பொறுத்தது. அவசரப்பட்ட நாய்க்குப் பறவை கிடைப்பதே இல்லை. தள்ளி நின்ற நாயின் முன்னால்தான் அது பதுங்கியே இருக்கும்.

இதே காடுகளில் வுட்காக் என்று இன்னொரு பறவை உண்டு. ஈரமண்ணில் நீண்ட அலகைக் குத்தி மண்புழு எடுக்கும். அலகின் நுனியை மட்டும் மண்ணுக்குள் தனியாகத் திறக்க அதனால் முடியும். கண்கள் தலையின் பின்பக்கமாகத் தள்ளி இருப்பதால், மண்ணில் அலகு புதைந்திருக்கும்போதே பின்னால் வரும் ஆபத்தையும் பார்த்துவிடும். இது கிரவுஸைப்போல் எளிதில் மிரளாது. நாய் கொஞ்சம் அருகே வந்தாலும் பொறுத்திருக்கும். அதனால் இளம் நாய்க்கு முதல் வகுப்பு ஆசிரியர் வுட்காக். கிரவுஸ் மேல்வகுப்பு. இரண்டு சுற்று வேட்டைக்காலம் முழுவதும் கிரவுஸைத் துரத்தித் துரத்திப் பறக்கவிட்ட பிறகே பல நாய்களுக்கு எட்ட நிற்க வேண்டும் என்ற அறிவு வருகிறது. அந்த அறிவை எந்தக் கயிறும் கொடுக்க முடியாது.

சரி, அப்படியானால் பழக்குபவர் செய்வது என்ன?

குட்டி ஏழெட்டு வாரத்தில் வீட்டுக்கு வருகிறது. அமெரிக்காவின் மெய்ன் மாநிலத்தில் ஜாக்சன் ஆய்வகத்தில் ஜான் பால் ஸ்காட், ஜான் ஃபுல்லர் என்ற இருவர் நாய்க்குட்டிகளைப் பல்லாண்டுகள் ஆராய்ந்து 1965இல் ஒரு நூல் வெளியிட்டார்கள். மூன்றாவது வாரத்திலிருந்து பன்னிரண்டாவது வாரம்வரை ஒரு குட்டி யாரோடு பழகுகிறதோ, எதைப் பார்க்கிறதோ, அதுவே அதன் வாழ்நாள் முழுவதற்குமான உலகமாகிறது என்று அவர்கள் காட்டினார்கள். வேட்டைநாய்ப் பயிற்சியாளர்கள் இந்த முடிவை உடனே பிடித்துக்கொண்டார்கள். அந்த வாரங்களில் குட்டிக்குக் கட்டளை எதுவும் முக்கியமில்லை. உயரமான புல், ஓடும் தண்ணீர், விழுந்த மரம், புதிய மனிதர்கள், காரின் ஆட்டம் எல்லாம் பழகிவிட வேண்டும். பெயர் சொன்னால் திரும்ப வேண்டும். கூப்பிட்டால் மகிழ்ச்சியோடு ஓடிவர வேண்டும். அவ்வளவுதான். காட்டில் குட்டியை முன்னால் ஓடவிட்டு நடந்துகொண்டிருந்தாலே, அரை ஆண்டில் அது நம்மை அவ்வப்போது திரும்பிப் பார்த்துக்கொண்டு ஓடக் கற்றுவிடும். இந்தத் திரும்பிப் பார்த்தலை நான் பெரிதாக மதிக்கிறேன். பின்னால் வரப்போகும் எல்லாப் பாடங்களும் இதன் மேல்தான் நிற்கும்.

தூண்டிற்கோலின் நுனியில் ஒரு சிறகைக் கட்டி ஆட்டினால் குட்டி நின்று அதைச் சுட்டிக்காட்டும். புகைப்படம் எடுக்க நன்றாக இருக்கும். ஆனால் அதை ஓரிரு தடவைக்கு மேல் செய்யக் கூடாது. குட்டி கண்ணால் பார்த்து நிற்கப் பழகிவிடுகிறது. நமக்கு வேண்டியது மூக்கால் அறிந்து நிற்கும் நாய்.

மூக்கைப் பற்றி இரண்டு வார்த்தை. நாய் மோப்பம் பிடிக்கும்போது நொடிக்கு ஏறத்தாழ ஐந்து தடவை காற்றை இழுக்கிறது. வெளியே விடும் மூச்சு மூக்கின் பக்கவாட்டுப் பிளவு வழியாகப் போவதால், உள்ளே வரும் வாசனை கலைவதில்லை. பறவையின் வாசனை காற்றோடு, ஊதுவத்திப் புகைபோல, தொடங்கும் இடத்தில் குறுகியும் போகப் போக விரிந்தும் கலைந்தும் செல்கிறது. அதனால் நாய் எதிர்காற்றில், இடமும் வலமுமாக மாறி மாறிக் குறுக்கே ஓடுகிறது. வாசனையின் விளிம்பைத் தொட்டதும் திரும்பி, அதன் மூலத்தை நோக்கி மெல்லப் போகிறது. பழக்குபவருக்குக் காற்று எந்தப் பக்கம் அடிக்கிறது என்று ஒவ்வொரு நிமிடமும் தெரிந்திருக்க வேண்டும். காற்றுக்குப் பின்பக்கமாக நாயைப் பறவையிடம் கொண்டுபோய், அது மோதிப் பறக்கவிட்டதும் திட்டுவது பெரும் அநியாயம். இன்னொன்று: நாக்கைத் தொங்கவிட்டு மூச்சிரைக்கும் நாயால் சரியாக மோப்பம் பிடிக்க முடியாது. செப்டம்பர் வெயிலில் நாய் பறவைகளைத் தவறவிட்டால், அது பயிற்சியின் குறையாக இருக்க வேண்டியதில்லை. உடற்பயிற்சியும் தண்ணீரும் போதாமல் இருக்கலாம்.

இப்போது நிற்கும் பாடத்துக்கு வருவோம். அங்கே அதற்கான கட்டளை 'வோ' என்ற ஒரே அசை. குதிரையை நிறுத்தச் சொல்லும் அதே ஒலி. இந்தப் பாடம் பறவை இல்லாத இடத்தில், வீட்டு முற்றத்தில் தொடங்கும். கழுத்துப் பட்டையில் இருபது முப்பது அடி நீளக் கயிறு. நாய் நடந்து வரும்போது கயிற்றை மெல்ல இறுக்கி நிறுத்தி, நின்றதும் தளர்த்தி, கொஞ்ச நேரம் நிற்க வைத்து, தட்டிக்கொடுத்து, மறுபடியும் நடத்துவது. நாள்தோறும் சில நிமிடங்கள் போதும். முக்கியமானது, நின்ற நொடியில் கயிறு தளர்வது. நிற்பதுதான் சுகம் என்று நாய் தானாகக் கண்டுகொள்ள வேண்டும். பிறகு கயிறு தரையில் கிடக்க, பிறகு தூரத்திலிருந்து, பிறகு பந்து உருளும்போதும் மற்ற நாய் ஓடும்போதும் என்று பாடம் வளரும்.

முற்றத்தில் இது தேறிய பிறகே பறவை. இங்கே வருபவை வளர்ப்புப் புறாக்கள். சென்னையில் பந்தயப் புறா வளர்ப்பவர்களுக்கு இந்த இனம் நன்கு தெரியும். பறக்கவிட்டால் கூட்டுக்குத் திரும்பிவிடும். புல்வெளியில் ஒரு சிறு பெட்டியை ஒளித்துவைத்து, அதற்குள் புறாவை வைப்பார்கள். பெட்டி ஸ்பிரிங்கில் திறக்கும். பழக்குபவர் கையிலிருக்கும் ரிமோட்டை அழுத்தினால் புறா மேலே வீசப்பட்டுப் பறந்துபோகும். நாயை எதிர்காற்றில், குறுக்கே வரும்படி கொண்டுவருகிறார்கள். வாசனை தட்டியதும் அது தலையைத் திருப்பும். நின்றால் நிற்கட்டும். நின்ற பிறகு ஓர் அடி முன்னால் வைத்தாலும், அந்த நொடியில் பெட்டி திறக்கும், புறா போய்விடும்.

இங்கே பழக்குபவர் ஒரு சொல்லும் சொல்லக் கூடாது. இதை நான் அழுத்திச் சொல்கிறேன். 'வோ' என்று கத்தினால், நாய்க்கு அந்தப் பறவையின் மேலிருந்த கவனம் நம் குரலின் மேல் வந்துவிடும். அடுத்த தடவையும் குரலுக்காகக் காத்திருக்கும். காட்டில் அது நம் கண்ணுக்கு எட்டாத இடத்தில் இருக்கும்போது யார் கத்துவது? முன்னேறினால் பறவை போய்விடும், நின்றால் பறவை இருக்கும் என்ற காரண காரியத்தை நாயின் மூளை தானே தைத்துக்கொள்ள வேண்டும். கிரவுஸ் காட்டில் கற்றுத்தரும் பாடத்தின் எளிய வடிவத்தைத்தான் அந்தப் பெட்டி சொல்லித்தருகிறது. இதைப் புரிந்துகொள்ளாதவர்கள் சிறகு கட்டிய புறாவையோ, பண்ணையில் வளர்ந்து பறக்கத் தெரியாத காடையையோ புல்லில் போட்டுவிடுகிறார்கள். நாய் ஒரு தடவை பாய்ந்து பிடித்துவிட்டால், அத்தனை நாள் உழைப்பும் கரைந்துவிடுகிறது. பாய்ந்தால் கிடைக்கும் என்று அது கண்டுபிடித்துவிட்டதே! பண்ணைப் பறவைகளோடு அளவுக்கு மீறிப் பழகிய நாய் வாசனைக்கு மிக அருகே போய் நிற்கும். காட்டுப் பறவை அந்தத் தூரத்தை ஒருநாளும் அனுமதிக்காது.

அடுத்தது துப்பாக்கிச் சத்தம். வெடிக்கு நடுங்கி ஓடும் நாய்களைப் பார்த்து, பிறவிக் கோழை என்று சொல்பவர்கள் உண்டு. பெரும்பாலும் அது மனிதர்கள் உண்டாக்கிய நோய். முதன்முதலாகத் துப்பாக்கி வெடிக்கும் இடத்துக்குக் குட்டியைக் கூட்டிப்போய், தலைக்கு மேலே வெடித்தால் வேறென்ன ஆகும்? முறை மிக எளிது. இளம் நாய் பறக்கும் புறாவைத் துரத்தி ஓடிக்கொண்டிருக்கும்போது, நூறு கஜ தூரத்தில் ஒருவர் குண்டில்லாத சிறு கைத்துப்பாக்கியை ஒரு தடவை வெடிக்கிறார். நாய்க்கு அந்த நேரத்தில் பறவையைத் தவிர உலகமே இல்லை. சத்தம் காதில் விழுந்தாலும் அது பறவையின் பகுதியாகிவிடுகிறது. அது திரும்பிப் பார்த்தால் அன்றைக்கு நிறுத்திவிட வேண்டும். பல நாட்களில் தூரத்தைக் குறைத்துக் கொண்டுவந்தால், பின்னாளில் துப்பாக்கியை உறையிலிருந்து எடுத்தாலே நாய் மகிழ்ச்சியில் துள்ளும்.

இதற்கு மேல் இரண்டு பாடங்கள். ஒன்று, துணை நாய் சுட்டி நிற்பதைக் கண்டால், தனக்கு வாசனை தெரியாவிட்டாலும் பின்னால் அப்படியே நின்றுவிடுவது. மற்ற நாயின் கண்டுபிடிப்பை மதிப்பது இது. சில நாய்களுக்குப் பிறவியிலேயே இருக்கிறது. இரண்டாவது, விழுந்த பறவையைத் தேடி, நசுக்காமல் எடுத்து வந்து கையில் கொடுப்பது. அடிபட்டு ஓடும் பறவை காட்டில் வீணாகச் சாகக் கூடாது என்பதால், இதைக் கற்றுத்தராத பழக்கத்தை நான் ஏற்கமாட்டேன்.

மின் அதிர்ச்சி கொடுக்கும் கழுத்துப் பட்டைகளைப் பற்றி எப்போதும் கேள்வி வரும். அமெரிக்காவில் அவை பரவலாகப் புழங்குகின்றன. நெடுஞ்சாலையை நோக்கி ஓடும் நாயைக் காப்பாற்ற உதவும் என்று பலர் நம்புகிறார்கள். வேல்ஸ் 2010இல் அவற்றைத் தடைசெய்தது. வேட்டைநாய்களுக்குக் கடுமையான தேர்வுகள் வைக்கும் ஜெர்மனியிலும் அவை தடைசெய்யப்பட்டிருக்கின்றன. அவை இல்லாமலே அங்கே சிறந்த நாய்கள் உருவாகின்றன என்பதே எனக்குப் போதுமான பதில். பறவையின் வாசனை மூக்கில் இருக்கும் நேரத்தில் நாயின் கழுத்தில் வலி வந்தால், அது வலியைப் பறவையோடு முடிச்சுப் போட்டுவிடும். பிறகு பறவையைக் கண்டாலே விலகிப் போகும் நாயாகிவிடும். லெஃப்டினன்ட் கர்னல் ஹட்சின்சன் என்ற ஆங்கிலேயர் 1848இல் வெளியிட்ட நாய்ப்பயிற்சி நூலிலேயே சாட்டையைக் குறைத்து, கைச்சைகையையும் பொறுமையையும் முன்னிறுத்தினார். நீராவி ரயில் புதிதாக இருந்த காலத்தில் அவருக்குப் புரிந்தது நமக்கும் புரிய வேண்டும்.

நாய் தேறிவிட்டது. இனி மனிதன் தேற வேண்டும். அந்தக் காடுகளில் அக்டோபர் மாதத்தில், இலைகள் உதிர்ந்துகொண்டிருக்கும்போது, நாயின் கழுத்தில் ஒரு சிறு மணி கட்டியிருப்பார்கள். நாய் கண்ணுக்குத் தெரியாது. மணியோசை மட்டும் இடமும் வலமுமாகக் கேட்கும். திடீரென்று ஓசை நின்றுவிடும். நின்ற இடத்தைக் காதால் குறித்துக்கொண்டு மனிதன் முள்ளையும் கொடியையும் விலக்கிப் போக வேண்டும். இப்போது செயற்கைக்கோள் வழியாக நாய் இருக்கும் இடத்தைக் கையிலுள்ள திரையில் காட்டும் பட்டைகள் வந்துவிட்டன. வசதிதான், அடர்காட்டில் நாயைத் தொலைக்காமல் இருக்க நானும் அதைப் பரிந்துரைப்பேன். ஆனாலும் மணியைக் கழற்ற வேண்டாம். திரையைப் பார்த்துக்கொண்டே நடப்பவர் காற்றையும் தரையையும் பார்ப்பதில்லை.

நாயிடம் போய்ச் சேர்ந்ததும் பலர் செய்வது, பறவை இங்கே இருக்க வாய்ப்பே இல்லை என்று முடிவுகட்டுவது. மொட்டையான மண்திட்டு, நாலு புதர்க் குச்சிகள், எங்கே ஒளிந்திருக்கும் பறவை? இரண்டு எட்டு வைத்துவிட்டு, நாயை வா என்று இழுப்பார்கள். அவர்கள் முதுகைத் திருப்பியதும் பறவை கிளம்பும். ஆல்டோ லியோபால்டு விஸ்கான்சின் பல்கலைக்கழகத்தில் 1933 முதல் வேட்டைவிலங்கு மேலாண்மை கற்பித்த பேராசிரியர். அவர் இறந்த மறு ஆண்டு, 1949இல் வெளியான கட்டுரை நூலில், கிரவுஸைப் பற்றித் தன்னைவிடத் தன் நாய்க்கே அதிகம் தெரியும் என்பதை மனம் உவந்து ஒப்புக்கொள்கிறார். அந்தப் பணிவுதான் நாய் மனிதனுக்கு வைக்கும் தேர்வு. நாய் சுட்டிய ஒவ்வொரு இடத்தையும் மனிதன் நம்பி, அதன் முன்னால் நடந்து தேட வேண்டும். ஐந்து தடவை நம்பாமல் போனவனின் நாய், ஆறாவது தடவை அவனுக்காகக் காத்திருக்காது.

இங்கே காட்டைப் பற்றிப் பேசாமல் போக முடியாது. பறவைதான் ஆசிரியர் என்றேன். ஆசிரியர் இல்லாத ஊரில் பள்ளி நடக்காது. கிரவுஸுக்கும் வுட்காக்குக்கும் வேண்டியது முதிர்ந்த பெருங்காடு அல்ல, நெருக்கமாக முளைத்த இளங்காடு. ஆஸ்பென் மரத்தை வெட்டினால் அதன் வேரிலிருந்தே ஆயிரக்கணக்கில் தண்டுகள் கிளம்பும். அந்த அடர்த்தி பருந்திடமிருந்து காக்கிறது; முதிர்ந்த ஆஸ்பெனின் மொட்டு குளிர்காலத்தில் கிரவுஸுக்கு உணவாகிறது. அதனால் ஒரே காட்டில் வெவ்வேறு வயதுத் துண்டுகள் பக்கத்தில் பக்கத்தில் இருக்க வேண்டும். வடக்குக் காடுகளில் கிரவுஸின் எண்ணிக்கை ஏறத்தாழப் பத்தாண்டுக்கு ஒருமுறை ஏறி இறங்கும். வனத்துறையினர் வசந்தத்தில் சேவலின் முழக்கத்தைக் காதால் எண்ணி அந்த ஏற்ற இறக்கத்தைத் தொடர்கிறார்கள். வேட்டையாடுபவருக்கு நாளொன்றுக்கு இத்தனை பறவைக்கு மேல் கூடாது என்ற வரம்பு உண்டு. வலசைப் பறவையான வுட்காக்குக்கு அது மூன்று. 1937ஆம் ஆண்டின் பிட்மன்-ராபர்ட்சன் சட்டத்தால், வேட்டைத் துப்பாக்கிக்கும் தோட்டாவுக்கும் விதிக்கப்படும் 11 சதவீத வரி மாநிலங்களின் வனவிலங்குப் பணிக்குப் போகிறது. விஸ்கான்சின் வனத்துறை நிலங்களில் ஏப்ரல் 15 முதல் ஜூலை 31 வரை நாயை அவிழ்த்துவிடக் கூடாது. தரையில் முட்டையும் குஞ்சும் இருக்கும் காலம் அது. எவ்வளவு நல்ல நாயாக இருந்தாலும் அந்த மாதங்களில் அதற்கு விடுமுறைதான். இந்த விதியைச் சலிப்போடு பார்ப்பவர்கள் நாய் வைத்திருக்கத் தகுதியற்றவர்கள் என்றே நினைக்கிறேன்.

நமக்கும் வுட்காக் அந்நியமில்லை. அமெரிக்க வுட்காக்கின் ஐரோப்பிய, ஆசிய உறவினம் குளிர்காலத்தில் இமயத்திலிருந்து நீலகிரியின் சோலைக்காடுகள்வரை வருகிறது. உதகையில் இருந்த ஆங்கிலேயர்கள் நாய்களையும் ஆட்களையும் சோலைக்குள் விட்டு அதைக் கிளப்பிச் சுட்டார்கள். வேட்டை கட்டுமீறிப் போய், 1879இல் நீலகிரிக்கென்றே வேட்டை விலங்கு, மீன் பாதுகாப்புச் சட்டம் வந்தது. துப்பாக்கிகள் போய்விட்டன, பறவை இன்னும் வருகிறது.

துப்பாக்கி இல்லாத இடத்தில் இந்த நாய்க்கு வேலை உண்டா என்று நீங்கள் கேட்கலாம். உண்டு. நியூசிலாந்தில் ரிச்சர்ட் ஹென்றி என்பவர் 1894இல் ரெசல்யூஷன் தீவின் காவலராகி, வாய்க்கூடு போட்ட ஒரு நாயின் உதவியோடு, பறக்க முடியாத காகாப்போ கிளிகளைத் தேடிப் பிடித்துத் தீவுகளில் கொண்டுபோய்விட்டார். இன்றும் அந்த நாட்டு அரசு, அரிய பறவைகளைத் தேடத் தேர்வு பெற்ற நாய்களை வைத்திருக்கிறது.

மிச்சிகனிலும் மினசோட்டாவிலும் நடப்பதுதான் என்னை அதிகம் கவர்ந்தது. வசந்தத்தில், அனுமதி பெற்ற சிலர் மட்டும், நன்கு தேறிய செட்டர், பாயிண்டர் போன்ற சுட்டி நிற்கும் நாய்களோடு காட்டுக்குள் போகிறார்கள். குஞ்சுகளோடு தரையில் அமர்ந்திருக்கும் வுட்காக் தாயை நாய் தூரத்திலேயே சுட்டி நிற்கும். தாய் தத்தளித்துப் பறந்து கவனத்தைத் திசைதிருப்பும். குஞ்சுகள் இலையோடு இலையாக உறைந்துவிடும். ஆட்கள் காலடி வைக்கும் இடத்தை ஒவ்வொரு அங்குலமாகப் பார்த்து, குஞ்சுகளை எடுத்து, காலில் சிறு அலுமினிய வளையம் மாட்டுகிறார்கள். அலகை அளக்கிறார்கள். முட்டையிலிருந்து வரும்போது அலகு ஏறத்தாழ 14 மில்லிமீட்டர். நாளுக்கு 2 மில்லிமீட்டர் வளரும். 24 மில்லிமீட்டர் இருந்தால் குஞ்சுக்கு ஐந்து நாள் வயது. பஞ்சுபோன்ற இரை மூக்கின் முன்னால் இருக்க, நாய் நிற்கிறது. இப்படிப்பட்ட நாயை ஏப்ரல் மாதத்தில் புதிதாக உருவாக்க முடியாது. அது அதற்கு முந்தைய இலையுதிர்காலங்களில், தன்னை ஏமாற்றிப் பறந்துபோன கிரவுஸ்களிடம் படித்து வந்த நாய்.